நாக்கால் தரம் பிரித்த மூன்று பாட்டில்

ஆம்பூரிலிருந்து ராணிப்பேட்டை வரைக்கும் ஆட்டுத்தோலைத் தொட்டுப் பார்த்துத் தரம் சொல்ல ஆயிரம் பேர் இருக்கலாம். கண்ணை மூடிக்கொண்டு சொல்ல நான் ஒருவன்தான். இதை நானே சொல்லக்கூடாதுதான். மற்றவர்கள் சொல்லட்டும் என்று காத்திருந்தால் வயதாகிவிடும், ஏற்கெனவே ஆகியும்விட்டது. படிப்பு ஐந்தாம் வகுப்பு. அணைக்கட்டுப் பக்கம் கரும்பு வெட்டிய குடும்பத்திலிருந்து கிளம்பி, தோல் பதனிடும் டேனரியில் பட்டைத் தொட்டிக்குள் இறங்கித் தோல் மிதித்து, அங்கிருந்து தரம் பிரிக்கிற மேஜைக்கு ஏறினேன். இன்றைக்கு டேனரிக்காரருக்கும் வாங்குகிற கம்பெனிக்கும் தகராறு வந்தால், "பெரியவரைக் கூப்பிடு" என்று ஆட்டோ அனுப்புகிறார்கள். நான் ஒன்றாம் தரம் என்றால் ஒன்று, மூன்றாம் தரம் என்றால் மூன்று. மேல்முறையீடு கிடையாது.

இந்த வேலையில் உட்கார முடியாது. வடக்கு ஜன்னல் வெளிச்சத்தில் நின்றபடிதான் தோலைப் பார்க்க வேண்டும். நாற்பத்தைந்து வருஷம் நின்றே சம்பாதித்ததில் இரண்டு முட்டியும் போய்விட்டன. வலி மாத்திரை சாப்பிட்டேன். அது முட்டியை விட்டுவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டது. கடைசியில் என் மகள் செல்போனிலேயே ஓர் ஆயுர்வேத டாக்டரைப் பிடித்துக் கொடுத்தாள். அவர் என் கதையெல்லாம் கேட்டுவிட்டு, "விஜயா எண்ணெய் எழுதித் தர்றேன், ஐயா" என்றார்.

"அது இன்னா டாக்டர்?"

"கஞ்சா இலையில எடுக்கிறது. ஆயுர்வேதத்துல அந்தப் பேரு. இலைங்கிறதால சட்டத்துல இடம் இருக்கு. சீட்டு இல்லாம வாங்கக்கூடாது."

எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தேன். என் வயதில் இப்படி ஒரு சந்தோஷம் வரும் என்று நான் நினைக்கவில்லை. ஆனால் என் மனைவியின் காது கதவுக்கெல்லாம் கட்டுப்படாது.

"அறுபத்தெட்டு வயசுல கஞ்சாவா? தெருவுல எப்படித் தலை காட்டுறது?"

"டாக்டர் சீட்டு இருக்குது. கம்பெனிக்கு லைசென்சு இருக்குது. நீ சும்மா இரு."

"சாராயக் கடைக்குந்தான் லைசென்சு இருக்குது. அதுக்காக அங்க போய்க் குடும்பம் நடத்துறதா?"

வாங்குவது என்று முடிவாகிவிட்டால் அந்தச் சரக்கைப் பற்றி முழுதாகத் தெரிந்துகொள்ளாமல் வாங்கமாட்டேன். செல்போனில் வீடியோ பார்த்தேன். எந்த நாட்டுக்காரனோ, ஒரு தாடிக்காரன், ஜாடி ஜாடியாக அடுக்கி வைத்துக்கொண்டு பேசினான். இண்டிகா என்று ஒரு ஜாதி, அது ஆளைப் படுக்க வைக்குமாம். சாடிவா என்று ஒரு ஜாதி, அது எழுப்பிக் கூத்தாட வைக்குமாம். இரண்டும் கலந்தது மூன்றாவது. அதற்குள்ளே நூறு ரகம், ஒன்றுக்குப் பழத்தின் பேர், ஒன்றுக்குக் கேக்கின் பேர், ஒன்றுக்குப் பேயின் பேர். அடுத்த தடவை டாக்டரிடம் என் ஞானத்தைக் காட்டினேன்.

"எனக்கு இண்டிகாவா குடுங்க டாக்டர். சாடிவா வேணாம், இந்த முட்டிய வச்சினு கூத்தாட முடியாது."

அவர் சிரித்தார். "அதெல்லாம் செடியோட உருவத்துக்கு வச்ச பேரு, ஐயா. இப்ப எல்லாம் கலந்து போச்சு. பேரைப் பார்த்து ஏமாறாதீங்க. பாட்டில் மேல ரெண்டு சரக்கு எவ்வளவுன்னு போட்டிருக்கும். டி.எச்.சி., அது தலைக்கு ஏறுறது. சி.பி.டி., அது ஏறாதது. எது ஜாஸ்தி, எது கம்மின்னு அதைப் பாருங்க. அதுக்கு மேல உங்க உடம்பு, உங்க வயசு, நீங்க சாப்பிட்ட சாப்பாடு. ஒருத்தருக்குத் தூக்கம் வர்ற எண்ணெய்ல இன்னொருத்தருக்குப் படபடப்பு வரும்."

இது எனக்குச் சட்டென்று புரிந்தது. எங்கள் தொழிலிலும் கட்டின்மேல் எந்த ஊர் ஆடு என்று சீட்டு ஒட்டித்தான் வரும். அந்தச் சீட்டை நம்பி வாங்கினவன் வீதிக்கு வந்திருக்கிறான். ஒரே ஊரில் ஒரே மந்தையில் மேய்ந்த இரண்டு ஆட்டின் தோல் ஒரே மாதிரி இருக்காது. உள்ளே என்ன இருக்கிறது என்பதுதான் விஷயம். டாக்டருக்கு இதைச் சொன்னேன். "ரொம்ப சரி" என்றார். அதோடு நான் நிறுத்தியிருக்க வேண்டும்.

இரண்டு மாதத்தில் மூன்று பாட்டில் சேர்ந்தது. பகலில் போடுவது ஒன்று, தலைக்கு ஏறாதது. வலி ஜாஸ்தியான நாளுக்கு ஒன்று, இரண்டும் சரிபாதி. ராத்திரிக்கு ஒன்று, ஏறுவது நிறைய உள்ளது. டாக்டர் படித்துப் படித்துச் சொன்னார்: "நாக்குக்கு அடியில ரெண்டே சொட்டு. ரெண்டு மணி நேரம் பொறுங்க. ஒண்ணும் தெரியலன்னாலும் அன்னைக்கே ஏத்தாதீங்க. மூணு நாள் கழிச்சு ஒரு சொட்டு ஏத்தலாம்."

டாக்டருக்குத் தெரியாத ஒன்று எனக்குத் தெரியும். பட்டைத் தொட்டியில் நாங்கள் வேலை கற்றுக்கொண்டது நாக்கால். ஆவாரம்பட்டை ஊறிய தண்ணீரில் விரலை விட்டு நாக்கில் வைப்போம். நாக்கு நன்றாகச் சுருங்கினால் சாறு காரமாக இருக்கிறது என்று அர்த்தம். சுருங்காவிட்டால் வீரியம் போய்விட்டது, இன்னும் ரெண்டு கூடை பட்டை போடு என்போம். மீட்டர் வைத்துப் பார்த்தவர்கள் தோற்றார்கள். என் நாக்கு தோற்றதில்லை.

ஆக, மூன்று பாட்டிலையும் வரிசையாக வைத்து, ஒவ்வொன்றிலும் ஒரு சொட்டு ருசி பார்த்தேன். டாக்டர் பகலுக்குக் கொடுத்தது அப்படியொரு கசப்பு, நாக்கு உள்ளே ஓடியது. சரிபாதி என்றது சுமார். ராத்திரி எண்ணெய் வெறும் நல்லெண்ணெய் மாதிரி வழுக்கிக்கொண்டு போனது. கம்பெனிக்காரன் லேபிளை மாற்றி ஒட்டிவிட்டான் என்று தீர்மானித்தேன். லேபிளின்மேல் பிளாஸ்திரி ஒட்டி என் எண்ணைப் போட்டேன். கசப்புக்கு ஒன்று: காரம், ராத்திரிக்கு. வழுக்கியதற்கு மூன்று: சப்பை, பகலுக்கு. அந்த வாரம் முழுக்க ராத்திரியில் என் ஒன்றாம் நம்பரைப் போட்டு நன்றாகத்தான் தூங்கினேன். இதைவிடச் சாட்சி வேண்டுமா?

அந்தச் சமயத்தில்தான் என் தோஸ்த் டேனரியில் தகராறு வந்தது. அவரும் நானும் ஒரே தொட்டியில் தோல் மிதித்தவர்கள். நான் அவரைப் பாய் என்பேன். சின்ன டேனரி, பன்னிரண்டு பேர் வேலை செய்கிறார்கள். அவர் அனுப்பிய நானூறு தோலைச் சென்னைக் கம்பெனி, தரம் கம்மி என்று ஒருமுறை திருப்பிவிட்டது. இரண்டாவது முறையும் திரும்பினால் கம்பெனி லிஸ்டிலிருந்தே பாயின் பேரை அடித்துவிடுவார்கள். வேறு வாங்குகிற ஆள் இல்லை. டேனரியைப் பூட்ட வேண்டியதுதான். பாய் மன்றாடியதில் கம்பெனி ஒப்புக்கொண்டது: பெரியவர் பார்க்கட்டும், அவர் சொல்கிற தரம் இரண்டு பேருக்கும் சரி.

அன்று காலை முட்டி கல்லாக இருந்தது. நின்று பார்க்க வேண்டியது நானூறு தோல். மூன்றாம் நம்பரை எடுத்தேன். சப்பைச் சரக்குதானே, இரண்டு சொட்டு எந்த மூலைக்கு? பத்து சொட்டு விட்டேன். நாக்கில் ஒன்றும் தெரியவில்லை. சொட்டுக் குழாயில் பாதி இழுத்து அதையும் விட்டுக்கொண்டு, ஒன்பது மணிக்குப் பாய் அனுப்பிய ஆட்டோவில் ஏறினேன்.

கம்பெனியிலிருந்து ஒரு பெண் வந்திருந்தாள். தோல் டெக்னாலஜி படித்தவள், முப்பது வயதுக்குள். "வணக்கம் சார், நீங்க சொல்லுங்க, நான் எழுதிக்கிறேன்" என்று மட்டும் சொன்னாள். நான் தரம் சொல்லச் சொல்ல, ஒவ்வொரு தோலின் பின்பக்கத்திலும் பென்சிலால் வரிசை எண் போட்டு நோட்டில் எழுதினாள்.

பத்து மணிக்குக் கொஞ்சம் முன்னால் ஆரம்பித்தேன். "ரெண்டு. மூணு. ரெண்டு. நாலு. ஒண்ணு." கை காற்றாடி மாதிரி ஓடியது. முட்டி வலிக்கவே இல்லை. நூறு தோல் தாண்டியதும் வாய் உலர்ந்தது. தண்ணீர் கேட்டேன். ஜன்னல் வெளிச்சம் தேன் மாதிரி கெட்டியாகி மேஜைமேல் இறங்கியது. அப்போது வந்த தோலில், ஏலகிரி மலைப்பாதையின் கொண்டை ஊசி வளைவு அத்தனையும் இருந்தது.

"பாய், இந்த ஆடு ரொம்ப சந்தோஷமா வாழ்ந்திருக்குது" என்றேன்.

"எந்த ஆடு?"

"இதுதான். ஒண்ணு."

அடுத்ததும் ஒன்று. அதற்கடுத்ததும். ஒவ்வொரு தோலும் எனக்காகவே பிறந்து வந்தது மாதிரி இருந்தது. முதல் நாலைந்து 'ஒண்ணு'க்குப் பாயின் முகம் மலர்ந்தது. பத்தைத் தாண்டியதும் தாடியைத் தடவ ஆரம்பித்தார். பதினைந்தில் என் காதருகே வந்தார்.

"யோவ் தோஸ்த், இன்னாய்யா ஆச்சு உனக்கு? என் சரக்கு அவ்ளோ நல்ல சரக்கு இல்லய்யா!"

"உன் சரக்கைப் பத்தி உனக்கு இன்னா தெரியும்?" என்று சொல்லிச் சிரித்தேன். சிரிப்பு நிற்கவில்லை. சிரித்துக்கொண்டே அடுத்த தோலைத் தூக்கி, "ஒண்ணு" என்றபோது என் ஆள்காட்டி விரல் அதன் நடுவிலிருந்த ஓட்டை வழியாக அந்தப் பக்கம் எட்டிப் பார்த்தது. விரலை ஆட்டிப் பார்த்தேன். அழகாகத்தான் இருந்தது. அந்தப் பெண் விரலையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள். பென்சில் நின்றுவிட்டது.

பாய் முந்திக்கொண்டார். "பெரியவருக்கு ஷுகர்மா. கம்மியாய்ட்ச்சி. ஒரு லட்டு குடுத்தா சரியாய்டும்."

நல்ல பொய்தான். எனக்கும் வசதியான பொய். ஆனால் அந்த மயக்கத்திலும் ஒன்று தெரிந்தது. ஓட்டைத் தோலை ஒன்று என்று சொன்ன கிழவனுக்குப் பாய் லஞ்சம் கொடுத்திருக்கிறார் என்றுதான் கம்பெனி நினைக்கும். லிஸ்டில் பாய் பேர் அன்றைக்கே போய்விடும். நாற்பத்தைந்து வருஷத்தில் முதல்முறையாக, வேலை முடியாமலே கையை மேஜையிலிருந்து எடுத்தேன்.

"ஷுகர் இல்லம்மா. முட்டிக்கு டாக்டர் குடுத்த கஞ்சா எண்ணெய். அளவு தெரியாம ஜாஸ்தியா போட்டுட்டேன். பாய்க்கு இதுல சம்பந்தம் இல்ல. இன்னைக்கு என் கைய நம்பாதே. நீயே பாரு."

"தௌபா தௌபா" என்று பாய் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

அந்தப் பெண் சிரிக்கவில்லை, கோபப்படவும் இல்லை. நோட்டைப் பின்னோக்கிப் புரட்டினாள். "மொத தோல்லேர்ந்து நான் திரும்பப் பார்க்கிறேன், சார். நீங்க உட்காருங்க" என்றாள். என் மேஜையில் அவள் நின்றாள். நான் நாற்காலியில் மோர் குடித்தேன். மத்தியானம் வரைக்கும் நாற்காலி லேசாக மிதந்துகொண்டிருந்தது. பாய் ஒருமுறை தொழுதுவிட்டு வந்தார். வந்து என்னைப் பார்த்துவிட்டு மறுபடியும் போனார்.

நாலு மணிக்கு அவள் நோட்டை மேஜைமேல் வைத்தாள்.

"நூத்திப் பதினாறு வரைக்கும் நீங்க சொன்ன தரம் அப்படியே நிக்குது, சார். ரெண்டு மட்டும் மாத்தினேன்." (அதில் ஒன்றில் அவள்தான் தப்பு. வாதாடுகிற நிலையில் நான் இல்லை.) "நூத்திப் பதினேழுலேர்ந்து ஓட்டைத் தோல் வரைக்கும் எல்லாத்தையும் இறக்கியிருக்கேன். மிச்சம் நான் பார்த்தது. ஒண்ணாம் தரம் பாய் சொன்னதைவிடக் கம்மிதான். ஆனா ரெண்டும் மூணும் நல்லாவே இருக்கு. லாட் மொத்தத்தையும் எடுத்துக்கிறோம்."

பாய் நாற்காலிக்கு வந்து என் தலையில் கை வைத்தார். ஆசீர்வாதம் என்று நினைத்தேன். குட்டினார்.

வீட்டில் மூன்று பாட்டிலின் பிளாஸ்திரியையும் என் மனைவி உரித்து, பாட்டில்களைத் தன் பீரோவில் வைத்துப் பூட்டினாள். சொட்டு இப்போது அவள் கையால்தான் விழுகிறது. இரண்டு என்றால் இரண்டுதான். கெஞ்சினால் ஒன்று.

மறுவாரம் டாக்டரிடம் எதையும் மறைக்காமல் சொன்னேன். கசப்பு இலையின் பச்சையில் வருவது, அதற்கும் வீரியத்துக்கும் சம்பந்தமே இல்லை என்று பத்து நிமிஷம் திட்டினார். திட்டி முடித்து, "எவ்வளவு நேரத்துல ஏறுச்சு, ஞாபகம் இருக்கா?" என்று கேட்டார்.

"நேரம் தெரியாது டாக்டர். ஒம்பது மணிக்குப் போட்டேன். பத்துக்குப் பத்து நிமிஷம் இருக்கறப்போ மொத தோலைத் தூக்கினேன். நிமிஷத்துக்கு ரெண்டு தோல் பார்ப்பேன். நூத்திப் பதினேழாவது தோல்ல ஏறுச்சு. நீங்களே போட்டுப் பாத்துக்குங்க."

போனில் அந்தப் பக்கம் பேனா ஓடுகிற சத்தம் கேட்டது. இத்தனை துல்லியமாகச் சொன்ன நோயாளி வேறு யாரும் இல்லை என்று அவர் சொல்லவில்லை. நான் சொல்கிறேன்.