ராக்கெட் புகையும் மேட்டுக்காட்டுக் கடலையும்

நான் படிப்பது ராக்கெட் புகையைப் பற்றி. எங்கள் குடும்பத்தில் எனக்கு முன் யாரும் பள்ளிக்கூடம் போனதில்லை. சென்னையில் ஆராய்ச்சி என்றதும் நான் ராக்கெட் விடப்போகிறேன் என்றே அம்மா அக்கம்பக்கத்தில் சொல்லிவைத்திருந்தார். விடப்போவதில்லை, விட்ட பிறகு மேலே என்ன மிஞ்சுகிறது என்று பார்க்கிறேன் என்று ஒரு பொங்கல் விடுமுறையில் அப்பாவிடம் விளக்கினேன். கரியும் தூளும் மேலே போய்ச் சேர்ந்தால் சில வருடங்கள் அங்கேயே நிற்கும், லாரிப் புகை மாதிரி சீக்கிரம் போகாது என்றேன். அப்பா தலையாட்டிக் கேட்டுக்கொண்டார். புரிந்துவிட்டது என்று எனக்குச் சந்தோஷம்.

ஆடியில் ஊருக்குப் போனேன். நாமக்கல்லில் இறங்கி டவுன் பஸ் மாறி வரும்போது இரண்டு பக்கமும் உழுத மண் கறுத்துக் கிடந்தது. முந்தின வாரம் நல்ல மழை. மானாவாரிக் காடுகளில் விதைப்பு நடந்துகொண்டிருந்தது. கோழிப்பண்ணைகளைத் தாண்டினால் எங்கள் மேட்டுக்காடு. அது உழுது கிடந்ததே தவிர விதை விழவில்லை. பக்கத்தில் பெரியப்பாவின் காடும் அப்படியே.

வீட்டுக்குள் சாக்கில் விதைக்கடலை இருந்தது. ஓடு உரித்துத் தொலித்த கடலை. தோட்டோடு இருந்தால் மாதக்கணக்கில் வைக்கலாம். தொலித்துவிட்டால் சீக்கிரம் மண்ணுக்குள் போய்விட வேண்டும், இல்லையென்றால் முளைப்பு செத்துப்போகும். ஏன் இன்னும் போடவில்லை என்று அம்மாவைக் கேட்டேன்.

"இனி மழ வராதுன்னு நீதான் சொன்னயாமே," என்றார்.

நடந்தது இதுதான். அந்த மழை பெய்து நின்ற மறுநாள் டிவியில் ராக்கெட் விட்டதைக் காட்டியிருக்கிறார்கள். வெள்ளைப் புகை வால் போல நீண்டு நின்றதை அப்பா பார்த்திருக்கிறார். அன்று சாயங்காலம் கூடிய மேகம் பெய்யாமல் கலைந்துபோனது. மழை தவறினால் யாரோ தடுத்துவிட்டார்கள் என்பது எங்கள் பக்கத்துப் பழைய பேச்சு. மழை வேண்டாத செங்கல் சூளைக்காரர்கள் விமானம் வைத்து மேகத்தைக் கலைக்கிறார்கள் என்று சத்தியம் செய்கிறவர்கள் இன்றும் உண்டு. அந்தப் பேச்சோடு என் பேச்சும் சேர்ந்துகொண்டது. சில வருடம் மேலேயே நிற்கும் என்று பையன் சொன்னானே, அப்புறம் மழை எப்படி இறங்கும்? அப்பா இதை டீக்கடையிலும் சொல்லிவிட்டார். அதைக் கேட்டுத்தான் பெரியப்பாவும் விதைப்பை நிறுத்தி வைத்திருந்தார். அப்பாவின் சொல்லைக் கேட்டு டீக்கடையில் ஒருவர் ஒரு வேலையை நிறுத்தியது, எனக்குத் தெரிந்து, அதுதான் முதல் தடவை.

சாயங்காலம் அப்பாவோடு காட்டுக்குப் போனேன். காலால் மண்ணைக் கிளறினேன். மேல்மண் காய்ந்து பொரிந்திருந்தது. விரற்கடை கீழே இன்னும் ஈரம். நாளைக்குப் போட்டால் முளைக்கும். அதற்கு மேல் தள்ளினால் சொல்ல முடியாது.

மழை உண்டாவது கீழே, புகை நிற்பது அதற்கும் மேலே என்று சொல்லிப் பார்த்தேன். அவர் வானத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"லாரிப் பொகைய மழ கழுவிப்போடுமுங்கப்பா. ராக்கெட் பொகை மேகத்துக்கும் மேல நிக்குது. அங்க மழையே இல்லீங்க, கழுவறதுக்கு. அதனாலதான் போகமாட்டேங்குது."

"அப்ப நம்ம மழையத் தடுக்காது?"

"தடுக்காதுங்க."

"அப்பறம் எதுக்குச் சாமி அதைப் போயிப் படிக்கறே?"

வெயிலில் இருக்கும் கெடுதலை வடிகட்டும் ஒரு படலம் மேலே இருக்கிறது, சில ராக்கெட்டுகளின் புகை அதை அரிக்கிறது, கரி வெயிலைக் குடித்து மேல்காற்றைச் சூடாக்குகிறது என்றேன். இன்றைக்கு விடுவது கொஞ்சம்தான், பெரிய பாதிப்பில்லை. நாளுக்கு நாள் கூடினால் என்ன ஆகும் என்றுதான் பார்க்கிறோம் என்றேன். ஒன்றுமில்லை என்று சொல்லியிருந்தால் அவருக்கு லேசாக இருந்திருக்கும். ஒன்றுமில்லை என்பது பொய்.

அவர் வரப்பைத் தாண்டிப் பெரியப்பாவின் வெறுங்காட்டைப் பார்த்தார்.

"அண்ணங்கிட்ட நானே சொல்லிக்கறேன். நீ வாயத் தொறக்காதே."

விடிந்ததும் டீக்கடையில், மேகத்துக்கு மேலே நிற்கிற புகைக்கும் நம் மழைக்கும் சம்பந்தமில்லை, பையன் சொன்னதைத் தான்தான் மாற்றிப் புரிந்துகொண்டதாக அப்பா சொன்னார். பெரியப்பா கிளாஸைக் கீழே வைத்தார்.

"போன வாரம் உன்ற பையன் மழைய நிறுத்திப்போட்டான். இன்னிக்கு அவுத்து உடறானாக்கும்."

எல்லாரும் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார், காது சிவக்க. ஆனால் பெரியப்பா எங்களுக்கு முன்பே எழுந்து காட்டுக்குப் போய்விட்டார். அன்று இரண்டு காட்டிலும் விதை விழுந்தது.

சென்னைக்குத் திரும்பிய பின் போன் செய்தேன். பள்ளத்தில் நன்றாக வந்திருக்கிறது, மேட்டில் பாதிதான் என்றார் அம்மா. பெரியப்பா காட்டிலும் அதே கதையாம். பிறகு அப்பா போனை வாங்கினார். முளைக்காத இடத்தில் தட்டைப்பயறு ஊன்றப் போவதாகச் சொன்னார்.

"நேத்தும் ஒரு ராக்கெட்டு உட்டாங்களாட்ட இருக்குது. டிவியில காட்னாங்க. அந்தப் பொகையும் அங்கயேதான் நிக்குமா?"

"ஆமாங்கப்பா, கொஞ்ச வருசத்துக்கு."

"அதைக் கழுவறதுக்கு எதாச்சும் இருக்குதா?"

"இன்னும் இல்லீங்க."

"அப்பச் செரி, நீ அதையப் பாரு," என்றார். சாப்பிட்டாயா என்று கேட்டுவிட்டு, பயறு ஊன்ற ஆள் வந்துவிட்டதாகச் சொல்லி வைத்துவிட்டார்.