குளிர் சோஃபிக்கு மறுநாள்

ஜெர்மனியில் மே மாதத்துக் கடைசி உறைபனிக்குக் 'குளிர் சோஃபி' என்று பெயர். அது வரும் புனித சோஃபியின் நாள் கழிந்தால்தான் பூச்செடி நடுவார்கள். மறுநாள் பிறந்ததால் தபால்காரி சோஃபிக்கும் அதே பெயர். ஊரே அவள் பிறந்தநாளுக்குக் காத்திருக்கும். விடிந்ததும் மண்வெட்டியோடு தோட்டத்துக்கு ஓடிவிடும். அவள் சுட்ட கேக் தொடுவாரில்லாமல் காய்ந்துபோகும்.

இந்த வருஷம் பக்கத்துத் தோட்டத்து ஓட்மார் மண் படாத சுத்தமான கையோடு அவள் வீட்டுக்கு வந்து உட்கார்ந்தார்.

"என்ன, உங்களுக்கு நடவு இல்லையா?" என்றாள் கடுப்பாக.

"இனிமே வருஷா வருஷம் தானா துளிர்க்கிற செடிதான். போன செப்டம்பர்லயே நட்டுட்டேன்."

"ஏன், இடுப்பு வலியா?"

"இல்ல சோஃபி. இன்னைக்கு எனக்கு ஒரு வேலையும் இருக்கக் கூடாதுன்னுதான்."

சோஃபி கேக்கைச் சரிபாதியாக வெட்டினாள்.