ஏழுமலை அண்ணன் பொறுக்கிய கண்ணாடித் துணுக்குகள்

ஏழுமலை அண்ணனின் இறப்புச் செய்தி எங்கள் அலுவலக வாட்ஸ்அப் குழுவில் இரண்டே வரிகளில் வந்தது. முதல் வரியில் ஆழ்ந்த இரங்கல். அடுத்த வரியில் காரணம்: "பணியின்போது அவர் காட்டிய கவனக்குறைவு." அனுப்பியவர் எங்கள் மேற்பார்வையாளர். அந்த இரண்டாவது வரிக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

அவரை அறியாதவர்களுக்குச் சொல்கிறேன். கீழ்பென்னாத்தூர்ப் பக்கம் மல்லாட்டை என்கிற வேர்க்கடலை பயிரிடும் குடும்பத்தில் பிறந்தவர். திருவண்ணாமலையில் இணைய இணைப்பு தரும் எங்கள் சிறிய நிறுவனத்தில், கண்ணாடி இழைக் கேபிள்களை இழுப்பதும் அறுந்தால் இணைப்பதும் அவர் வேலை. இணைப்பில் ஒளி சரியாகப் போகிறதா என்று கருவியில் சோதித்துச் சொல்வது என் வேலை.

நான் சேர்ந்த புதிதில், ஒளி வருகிறதா என்று பார்க்கக் கேபிள் முனையைக் கண்ணருகே கொண்டுபோனேன். கையைத் தட்டிவிட்டார்.

"ஏம்மா, மலை மேல தீபத்தைப் பாரு, புண்ணியமாவது கெடைக்கும். இது கண்ணுக்கும் தெரியாது, கண்ணையும் வுடாது."

இழையை வெட்டும்போது முடியைவிட மெல்லிய துணுக்குகள் சிதறும். மற்றவர்கள் ஊதிவிட்டுப் போவார்கள். இவர் கறுப்பு டேப்பின் பசைப் பக்கத்தைத் தரையில் ஒற்றி ஒற்றி எடுத்து, ஊறுகாய் பாட்டிலில் போட்டு மூடுவார்.

"என்னண்ணா, தங்கமா பொறுக்குறீங்க?" என்று கேலி செய்தேன்.

"தங்கம்னா நீயே எடுத்துக்கன்னு வுட்டுருவேன். வெறுங்கால்ல மலை சுத்துறாங்கம்மா. இது உள்ள ஏறுச்சுன்னா எந்த டாக்டர் தேடி எடுப்பாரு?"

எங்கள் கேபிள்கள் மின்கம்பங்களின் மேல்தான் போகும். மின்சாரத்தை நிறுத்தாமல் அவர் கம்பத்தில் கை வைத்ததில்லை. விடுதி உரிமையாளர் ஒருவர், "எல்லாரும்தான் ஏறுறான், உனக்கு மட்டும் என்னய்யா?" என்று சத்தம் போட்டபோதும் அசையவில்லை.

"நெட்டு போனா திரும்பி வரும் சார். நான் போனா வருவனா?"

பௌர்ணமிக்கு முந்தின நாள், மழையில் கிளை முறிந்து செங்கம் சாலையில் கேபிள் அறுந்தது. மின்சாரத்தை நிறுத்தச் சொல்லி, நின்றுவிட்டதா என்று தானே சோதித்துவிட்டுத்தான் வேலையைத் தொடங்கினார். இழைகளைத் தரையில் வைத்து இணைத்து, அவற்றைக் காக்கும் பாக்ஸுக்குள் அடக்கினார். நான் அலுவலகத்தில் சோதித்து, சரியாக இருக்கிறது என்று போனில் சொன்னேன். "சரிம்மா, பாக்ஸை மேல கட்டிட்டு, எறங்கிக் கூப்புடுறேன்" என்றார்.

அதற்குள் விடுதிக்காரர்கள், கரண்ட் எப்போது வரும் என்று எங்கள் மேற்பார்வையாளரை நச்சரிக்கத் தொடங்கினார்கள். என் கண்ணெதிரே அவர் மின்வாரியத்துக்குப் பேசினார்: "எங்க ஆளு எறங்கிட்டாரு. லைனைப் போட்டுக்குங்க."

நான் எழுந்துவிட்டேன். "சார், அவரு இன்னும் மேலதான் இருக்காரு!"

"இந்நேரம் எறங்கியிருப்பாரும்மா. லாட்ஜுக்காரங்க உயிரை வாங்குறாங்க."

அண்ணனின் எண்ணுக்கு அடித்தேன். எடுத்தவர் பக்கத்து டீக்கடைக்காரர். "மேடம், உங்க ஆளு கீழ கெடக்குறாருங்க."

இப்போது அது அவருடைய கவனக்குறைவாம்! தெரியாத ஒருவரின் பாதத்துக்காகக் குனிந்து தரையை ஒற்றியவருக்கா கவனம் குறைவு? லைனைப் போடச் சொல்லும்முன் ஒரு வார்த்தை அவரிடம் கேட்காதவருக்கு அந்தச் சொல்லை எழுதக் கை எப்படி வந்தது?

கேட்டதைக் கேட்டபடி காவல் நிலையத்தில் எழுதிக் கொடுத்திருக்கிறேன். "உங்க வேலையை மட்டும் பாருங்கம்மா" என்கிறார் மேற்பார்வையாளர். அண்ணன் மேலே இருக்கிறார் என்று சொன்னதும் என் வேலைதான். அதை இனி யார் கேட்டாலும் சொல்வேன்.

பௌர்ணமியன்று அந்தக் கம்பத்தடிக்குப் போனேன். அண்ணனோடு விழுந்த பாக்ஸில் இழைகள் அறுந்திருந்ததால், வேறு ஆட்கள் வந்து மறுபடி இணைத்துக் கட்டிவிட்டுப் போயிருந்தார்கள். அவர்கள் வெட்டிப் போட்ட துணுக்குகள் வெயிலில் மின்னின. அவற்றை ஒட்டி வெறுங்கால்கள் போய்க்கொண்டிருந்தன. அண்ணனின் பையிலிருந்து டேப்பையும் பாட்டிலையும் எடுத்து வந்திருந்தேன். மண்டியிட்டு, ஒற்றி ஒற்றி எடுத்தேன். "அம்மா, ஏதாச்சும் தொலைச்சிட்டீங்களா?" என்று ஒரு பெண் நின்று கேட்டார். "ஆமாங்க. பார்த்து, ஓரமாப் போங்க" என்றேன்.

அந்தப் பாட்டிலை மேற்பார்வையாளரின் மேசையில் வைத்துவிட்டேன். அதை எடுத்து அப்பால் வைக்க அவருக்கு இன்னும் துணிவு வரவில்லை.

அண்ணா, பாதை சுத்தமாக இருக்கிறது. போய் வாருங்கள்.