ஷிஜி மூச்சு வாங்கும் இடம்

பாட்டு எங்கே கேட்டாலும் முத்துக்கனி முதலில் மூச்சை எடுத்துக்கொள்வாள். குலசேகரத்திலிருந்து தக்கலைக்குப் போகிற பஸ்ஸில் டிரைவர் ஏதாவது பழைய பாட்டைப் போடுவார். முன்னிசை முடியப் போகிறது என்று மற்றவர்களுக்குத் தெரியும் முன்பே அவளுடைய கழுத்தெலும்புக்கு மேலே ஒரு சின்னக் குழி விழும். உதடு பிரியும், ஒரு நெல்மணி நுழைகிற அளவுக்கு. பாடுகிறவள் பாடத் தொடங்கியதும் இவள் உதடு சத்தமில்லாமல் கூடவே போகும். அவள் மூச்சு வாங்குகிற இடத்தில் இவளும் வாங்குவாள். அவள் இழுக்கிற இடத்தில் இவள் தாடை தாழும். கண்டக்டர் போன் பேசுவதற்காகப் பாட்டைச் சட்டென்று அணைத்தால் இவள் வாய் மட்டும் இரண்டு சொல் முன்னால் ஓடிப்போய் வெறுங்காற்றில் நிற்கும். அப்போதுதான் முந்தானையால் வாயைப் பொத்திக்கொள்வாள். பக்கத்து சீட்டுக்காரி, ஏதோ மந்திரம் சொல்கிறாள் போல என்று கொஞ்சம் தள்ளி உட்காருவாள்.

தொழில் கொடுத்த பழக்கம் அது. முத்துக்கனி நாடகக்காரி. கார்த்திகை பிறந்தால் சித்திரை முடியும்வரை, கோயில் கொடைக்கும் கடற்கரை ஊர்களின் பங்குத் திருவிழாவுக்கும் வேனில் செட்டை ஏற்றிக்கொண்டு போய் ஆடுகிற குழு ஒன்றில் அவள் கதாநாயகி. இந்த நாடகங்களில் வசனத்தை மேடையில் தொங்கும் மைக்கின் கீழே நின்று நேரில் பேச வேண்டும். பாட்டு மட்டும் ஸ்டுடியோவில் முன்கூட்டியே பாடிப் பதிந்தது. சவுண்ட் பார்க்கிறவர் சமயம் பார்த்துத் தட்டிவிடுவார், நடிகை வாயசைப்பாள். ஊருக்கே தெரிந்த முறைதான். ஆனால் பதிந்த குரல் அந்த நடிகையுடையதாக இருக்கும்.

முத்துக்கனி வாயசைத்தது செத்துப்போன ஒருத்தியின் குரலுக்கு.

குழுவை நடத்தும் சுயம்புலிங்கம் 'மணல்வீடு' நாடகத்தை எழுதி மேடையேற்றிய முதல் வருஷம், அம்மை வேடம் கட்டியவள் ஷிஜி. கதையில், கடலுக்குப் போன மகன் திரும்பவில்லை. அவன் பிள்ளையாக இருக்கும்போது பாடிய தாராட்டைத் தாய் வெறும் தொட்டிலுக்குப் பாடுகிறாள். நாடகத்தில் மூன்று பாட்டு, மூன்றாவது அந்தத் தாராட்டு.

உறங்கு மகனே உறங்கு
அலையும் கரையேறி உறங்குது
நீ வாறேன்னு சொன்ன வழியில
நிலாவை நட்டு வச்சிருக்கு

மூன்றாவது வரிக்கு முன்னால் ஷிஜி ஒரு மூச்சு வாங்குவாள். பாட்டுக்கும் அழுகைக்கும் நடுவே கால் வைக்க இடம் தேடுவது போல இருக்கும். அந்த மூச்சில் கூட்டம் முழுக்க ஒருகணம் அசையாமல் இருக்கும். கடலை விற்கிறவன்கூட சட்டியைத் தட்டமாட்டான். முத்துக்கனி அப்போது நாத்தனார் வேடம். திரைக்குப் பின்னால் நின்று தினமும் கேட்டிருக்கிறாள்.

அடுத்த சீசனுக்கு முன்னால் மஞ்சள்காமாலையில் ஷிஜி போய்விட்டாள். ஏழு வயதில் ஒரு மகள், அபிதா.

பத்மநாபபுரத்தில் கோட்டைச்சுவரை ஒட்டிய கல்யாண மண்டபம் ஒன்றில் ஒத்திகை. அம்மை வேடம் முத்துக்கனிக்கு வந்தது. பாட்டு வரவில்லை.

"பாட்டை மாத்தாண்டாம்," என்றார் சுயம்புலிங்கம். "சனம் அந்தத் தாராட்டுக்குத்தான் புக் பண்ணுது. நீ வாயை அசைச்சாப் போதும்."

"நான் பாடுவேன் அண்ணாச்சி. எங்க அய்யா தாங்கல்ல உகப்படிப்புக்கு நான்தான் முன்ன நின்னு சொல்லிக்குடுப்பேன். எனக்க சத்தத்துக்கு என்ன கொறச்சல்?"

"சத்தம் கொள்ளாம் பிள்ளே. ஆனா அவ சத்தத்துல ஒரு சாவு கெடக்கு. அது உனக்க தொண்டையில வராது."

"அவ நல்லா இருக்கும்போதுல்லா பாடுனா?"

"அதான் சொல்லுதேன், பாத்துக்க. அப்பமே கெடந்திருக்கு."

வாயசைப்பு என்றால் சும்மா உதட்டைப் பிரித்து மூடுவது என்று வெளியிலிருந்து பார்க்கிறவர்கள் நினைப்பார்கள். முன்வரிசையில் உட்கார்ந்திருப்பவன் உதட்டைப் பார்ப்பதில்லை, தொண்டையைப் பார்ப்பான். நரம்பு புடைக்க வேண்டும், மார்பு ஏறி இறங்க வேண்டும். ஆகவே ஸ்பீக்கரை மீறாத அளவில் உண்மையிலேயே பாட வேண்டும். அதுவும் தன் போக்கில் அல்ல, ஷிஜியின் போக்கில். முத்துக்கனி மத்தியானச் சாப்பாட்டு நேரத்திலும் ஸ்பீக்கரை விட்டு நகரவில்லை. சவுண்ட் பார்க்கும் ததேயுஸ், மணவாளக்குறிச்சிக்காரர், சோற்றுப் பொதியைப் பிரித்துக்கொண்டே கேட்பார்: "அக்கா, பெட்டிக்குள்ள கேறி இருந்திருவியா? சொல்லு, கதவு வச்சுத் தாறேன்."

"எளவு, நீரு இன்னொருக்கா போடும்."

முதல் சில ஊர்களில் குரல் பெட்டியிலிருந்துதான் வந்தது. இவள் வேறு, அது வேறு. பிறகு கடற்கரைத் திருவிழா முடிந்து வந்த ஒரு காலையில் அவள் புருஷன் தாணுவிடம் சொன்னாள்: "ஷிஜி இப்பம் பெட்டியில இருந்து பாடல்ல. எனக்க பிடரிக்குப் பின்ன நின்னு பாடுதா."

தாணு ரப்பர் மரத்தில் பால் வெட்டுகிறவர். பால் எடுத்துவிட்டு வந்து, அது ஷீட்டாக உறையத் தட்டில் ஆசிட் கலந்து ஊற்றிக்கொண்டிருந்தார். "செத்தவகூட டூயட்டா ஏட்டி? சம்பளம் ரெண்டு பேருக்கும் உண்டுமா?" என்று சிரித்தார்.

அவள் சிரிக்கவில்லை. அன்றிலிருந்து தாராட்டு தொடங்கும்போதெல்லாம் தொட்டிலின் அந்தப் பக்கம் கொஞ்சம் இடம் விட்டே உட்காருவாள். யார் கேட்டாலும் லைட்டுக்காக என்பாள்.

வருஷங்கள் போயின. போகப்போக தாணுவும் சிரிப்பதை நிறுத்தினார். ஒருநாள் முற்றத்தில் ரப்பர் ஷீட்டுகளைக் கொடியில் விரித்துக்கொண்டே அவள் ஏதோ முனகினாள். நாடகப் பாட்டுகூட இல்லை. தாணு படலைத் திறக்காமல் வெளியிலேயே நின்றார்.

"என்ன நிக்கிய? வாருமே."

"நீயாட்டி பாடுன?"

"பின்ன வேற ஆரு?"

"எனக்கு அப்படித் தோணல்ல," என்றார். உள்ளே வந்து கையைக் கழுவிவிட்டு, அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். "அதை மேடையோட விட்டுட்டு வா. வீட்டுக்குள்ள கொண்டு வராண்டாம்."

ஞாயிற்றுக்கிழமை அய்யாவழித் தாங்கலில் உகப்படிப்பு என்கிற கூட்டு வழிபாடு. முன்னால் ஒருத்தி சொல்ல, பின்னால் மற்றவர்கள் திருப்பிச் சொல்லும் முறை. முத்துக்கனி நின்று முதல் அடியைச் சொன்னாள். இரண்டாவது அடியில், மூச்சு வாங்கத் தேவையே இல்லாத இடத்தில், தொண்டை தானாக நின்று வாங்கியது. பின்னால் இருந்தவர்களும் அதே இடத்தில் நின்று வாங்கினார்கள். ஒரு தாங்கல் முழுக்க ஷிஜி மூச்சு விட்டது போல அவளுக்கு இருந்தது. அடுத்த வாரம் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தாள். கேட்டவர்களிடம் தொண்டைக்கட்டு என்றாள். நாடகத்துக்கு மட்டும் எப்படித் தொண்டை சரியாகிறது என்று ஒருவரும் கேட்கவில்லை.

குளிக்கும்போதும் அடுப்படியிலும் தன் பழைய குரலைத் தேடிப் பார்த்திருக்கிறாள். சின்ன வயதில் பாடிய ஒரு அடியை எடுப்பாள். இரண்டு சொல்லுக்குள் அது நழுவி அந்தப் பக்கம் போய்விடும். ஒரு வீட்டை வாடகைக்கு விட்டுவிட்டுத் திரும்பி வந்தால் பூட்டு மாறியிருப்பதுபோல. தன்னுடையது என்று மிச்சம் ஏதாவது இருக்கிறதா என்பதுதான் அவளுக்கு வேண்டியிருந்தது. அதைக் கேட்டுச் சொல்ல உலகத்தில் ஆள் இல்லை.

சுயம்புலிங்கம் போஸ்டரில் 'பாடி நடிப்பவர் முத்துக்கனி' என்று போடத் தொடங்கி வெகுகாலம் ஆகியிருந்தது. அவள் ஒருமுறை தடுத்துப் பார்த்தாள். "செத்தவ பேரை போஸ்டர்ல போட்டா கொடைக்கு எவன் விளிப்பான்?" என்றார். அப்படியே நிலைத்துவிட்டது. ஷிஜியை நேரில் பார்த்தவர்கள் குறைந்துபோனார்கள். புதிதாய்க் கேட்டவர்களுக்கு அது முத்துக்கனியின் குரல்.

போன வருஷம் நாகர்கோவிலில் நாடக ரசிகர் பேரவை ஒன்று அவளுக்கு விருது கொடுத்தது. சிறந்த நடிகை, பாடகி. பட்டுச்சேலை கட்டிக்கொண்டு மேடையில் இருந்தாள். தாணு மூன்றாவது வரிசையில் சட்டைப் பொத்தானைத் திருகிக்கொண்டிருந்தார். ஷீல்டைக் கொடுத்து முடித்ததும் அறிவிப்பாளர் மைக்கை அவள் முன்னால் நீட்டினார்.

"அம்மா, அந்தத் தாராட்டுல நாலு வரி!"

"தொண்டை சரியில்ல," என்றாள்.

"ரெண்டு வரி போதும்மா!" என்று பின்னாலிருந்து யாரோ கத்தினார்கள். கைத்தட்டல். பெட்டி இல்லை, டிராக் இல்லை, தட்டிவிட ததேயுஸ் இல்லை. அவர் நாடகத்தை விட்டுச் சொந்தமாக சவுண்ட் சர்வீஸ் வைத்துப் போயிருந்தார். முத்துக்கனி கண்ணை மூடினாள். பயந்தது ஒன்றுக்குத்தான்: வாய் திறந்து, ஒன்றுமே வராமல் போனால்? இல்லை, வந்துவிட்டால்?

வந்தது. இரண்டு வரி முடிந்து மூன்றாவதற்கு முன்னால் அந்த மூச்சும் வந்தது. மண்டபம் அசையாமல் இருந்தது. அப்போது பின்வரிசையில் ஒரு பெண் எழுந்து, வாயைப் பொத்திக்கொண்டு கதவைத் தள்ளி வெளியே போவதை அவள் பார்த்தாள். நான்காவது வரியைப் பாடவில்லை.

நான்கைந்து நாள் கழித்து அந்தப் பெண் குலசேகரத்துக்கு வந்தாள். படலுக்கு வெளியே நின்று, "மாமி, நான் ஷிஜிக்க மக," என்றாள்.

அபிதா நர்சிங் படித்து முடித்திருந்தாள். மஸ்கட்டுக்கு விசா வந்துவிட்டது. நெற்றி மட்டும் ஷிஜி. முத்துக்கனி அந்த நெற்றியையே பார்த்துக்கொண்டு நின்றாள். தாணுதான் நாற்காலியை இழுத்துப் போட்டார்.

"அன்னைக்கு மண்டபத்துல எனக்கு இருக்க முடியல்ல மாமி. அம்மை பாடுனது மாதிரியே இருந்துது."

"மாதிரி இல்ல மக்ளே." முத்துக்கனி ஷீல்டை அலமாரியிலிருந்து எடுத்து வந்து அவள் மடியில் வைத்தாள். "இது உனக்க அம்மைக்குள்ளது. இத்தனை வருஷம் பாடுனது அவதான். நான் வாயைத்தான் அசைச்சேன். போஸ்டர்ல எனக்க பேரு வந்துது, நான் மிண்டாம இருந்தேன். அன்னைக்கு வந்ததும் எனக்க சத்தம் இல்ல. எனக்குன்னு ஒரு சத்தம் இப்பம் கெடையாது."

அபிதா ஷீல்டைப் புரட்டிப் பார்த்தாள். அதில் கோபம் இருந்ததா என்று முத்துக்கனியால் கண்டுபிடிக்க முடியவில்லை.

"ஷீல்டை நான் எங்க கொண்டு போட்டு வைப்பேன் மாமி? இருவது கிலோ தான் விடுவான்," என்றாள். பிறகு, மெதுவாக, "பாட்டு உண்டுமா? மத்த ரெண்டும் மாமன் போன்ல இருக்கு. தாராட்டு மட்டும் யாருட்டயும் இல்ல. அம்மை என்னை அதைப் பாடித்தான் உறக்குவா. எனக்கு வரி தெரியும், சத்தம் மறந்துபோச்சு."

முத்துக்கனியின் போனில் அது இருந்தது. ததேயுஸ் என்றோ ஏற்றிக் கொடுத்தது. அனுப்பினாள். அபிதா அங்கேயே அதைப் போட்டாள். போனைக் காதோடு வைத்து, கதவுநிலையில் தலைசாய்த்துக் கேட்டாள். மூன்றாவது வரிக்கு முன்னால் அவளுடைய தோள் ஒருமுறை ஏறி இறங்கியது. முத்துக்கனி தன் உதடு அசையாமல் இருக்கப் பல்லால் கடித்துக்கொண்டிருந்தாள்.

"இதுதான்," என்றாள் அபிதா, கண்ணைத் திறக்காமல். "அம்மைக்க சத்தம் இதுதான். மறந்துட்டேன்னு நெனச்சேன் மாமி, மறக்கல்ல."

அவள் போனபின் முத்துக்கனி சுயம்புலிங்கத்தைக் கூப்பிட்டு, அடுத்த சீசனுக்கு வேறு ஆள் பார்க்கச் சொன்னாள். "இனி அதை நான் எடுக்கமாட்டேன் அண்ணாச்சி. உடையவ கையில குடுத்தாச்சு." அவர் கெஞ்சினார், திட்டினார், இரண்டு தடவை வீட்டுக்கு வந்தார். அவள் மாறவில்லை. முதலில் கொஞ்சநாள் லேசாகத்தான் இருந்தது. பிடரிக்குப் பின்னால் யாரும் நிற்கவில்லை. தாணு அவளை ஏதாவது பாடச் சொன்னார், அவராகவே, முதல்முறையாக. அவள் வாயைத் திறந்து பார்த்துவிட்டு மூடிக்கொண்டாள். நின்றிருந்தவள் போனதும் அந்த இடம் தனக்குத் திரும்ப வரவில்லை என்றாள். தாங்கலில் இப்போதும் கடைசி வரிசைதான். மற்றவர்கள் திருப்பிச் சொல்லும்போது உதடு மட்டும் அசையும்.

அபிதா மஸ்கட்டில் வேலையில் சேர்ந்துவிட்டாள். டியூட்டி முடிந்து வந்து அந்தத் தாராட்டைப் போட்டுக்கொண்டுதான் உறங்குவதாக எப்போதாவது வாட்ஸ்அப்பில் சொல்வாள்.

இவ்வளவும் எழுதி முடித்த பிறகு தெரிய வந்தது ஒன்று உண்டு. ததேயுஸ் தம் கடையில் பழைய வயர்களைப் பிரித்துக்கொண்டே, வேறு ஏதோ பேச்சுக்கு நடுவில், அதை என்னிடம் சொன்னார். அபிதா வந்துபோன கதை அவருக்குத் தெரியாது. ஷிஜி இறந்த அடுத்த சீசனிலேயே, கடற்கரையில் ஒரு திருவிழாவில், உப்புக்காற்று பட்டு சிடியில் மூன்றாவது பாட்டு மட்டும் திக்க ஆரம்பித்தது. பதிந்த ஸ்டுடியோவை அதற்குள் மூடியிருந்தார்கள். பத்மநாபபுரம் ஒத்திகையில் ஒரு மத்தியானம், வெறும் இசையைப் போடச் சொல்லி முத்துக்கனி முழுக்குரலில் பாடிப் பழகியதை, மைக் சரியாக இருக்கிறதா என்று பார்க்க அவர் பதிந்து வைத்திருந்தார். அதைத்தான் அன்று போட்டார். சுயம்புலிங்கத்துக்கே வித்தியாசம் தெரியவில்லை. சொன்னால் அவர் ஷிஜியின் குரல் போனதை அபசகுனமாக எடுப்பார் என்று பயந்து ஒருவரிடமும் சொல்லவில்லை. அன்றிலிருந்து கடைசி மேடைவரை ஓடியதும் அதுதான், முத்துக்கனியின் போனில் அவர் ஏற்றிக் கொடுத்ததும் அதுதான்.