சித்தி கழுவிய பிலிம்

போன மாதம் பூனாவிலிருந்து வந்த பேத்தி, அட்டைப்பெட்டி மாதிரி ஒரு கேமரா கொண்டுவந்திருந்தாள். இருபத்தேழு படம் எடுக்கலாம். முடிந்ததும் கேமராவையே கடையில் கொடுத்துவிட வேண்டும். படம் திரும்பி வரும், கேமரா வராது. கணக்கில்லாமல் படம் எடுக்கும் போனைக் கையில் வைத்துக்கொண்டு இதைத் தனியாகக் காசு கொடுத்து வாங்கியிருக்கிறாள். அதிலும் மூன்று படத்தை மாட்டுங்கா மார்க்கெட்டில் தொங்கிய பூச்சரத்துக்கும் ஒன்றை என் செருப்புக்கும் செலவழித்தாள். மீதி எத்தனை, மீதி எத்தனை என்று நான் கேட்டுக்கொண்டே இருந்ததில் அவளுக்குக் கொஞ்சம் எரிச்சல். ஊருக்குக் கிளம்பும்போது, கழுவக் கொடுத்தாயிற்றா என்று கேட்டேன்.

"கேமராவ எதுக்கு தாத்தா கழுவணும்? தண்ணி பட்டா கராப் ஆயிடும்" என்றாள்.

அவளுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. மருந்துத் தண்ணீரில் நனைத்துப் படம் வரவழைப்பதை, பிலிமைக் கழுவுவது என்று சொல்லும் பேச்சே எங்களோடு நின்றுவிட்டது. ஆனால் அந்த ஒரு வார்த்தையால் எங்கள் வீட்டில் ஒரு கல்யாணம் நின்றுபோயிருக்கிறது.

அப்போது நான் மூன்றாம் வகுப்பு. பம்பாயில் கிங்ஸ் சர்க்கிளுக்குப் பின்னால் ஒரு பழைய கட்டடத்தின் இரண்டாவது மாடியில் அப்பா, அம்மா, நான், அம்மாவின் தங்கையான சித்தி ஆகிய நால்வரும் ஓர் அறையும் சமையலறையுமாக இருந்தோம். சித்தி கோட்டைப் பக்கம் ஓர் ஆபீசில் டைப்பிஸ்ட். எனக்குத் தலை வாரிவிடுவது, பல்லைக் காட்டச் சொல்லிப் பரிசோதிப்பது, வாய்ப்பாடு ஒப்பிக்க வைப்பது எல்லாம் அவள்தான். சாயங்காலம் அவள் ரயிலை விட்டிறங்கி வரும் நேரத்துக்கு நான் பால்கனியில் நிற்பேன். தெருமுனையில் அவள் குடை தெரிந்தால் எனக்கு அன்றைய பொழுது சரியாகிவிட்டது என்று அர்த்தம்.

அந்த வருஷம் ஜாம்ஷெட்பூரிலிருந்து அவளுக்கு ஒரு வரன் வந்தது. பையன் என்ஜினியர், ஜாதகம் பொருந்திவிட்டது. பையனின் அம்மா கண்டிப்பானவர். ஸ்டுடியோ படம் அனுப்ப வேண்டாம், அதில் எல்லாப் பெண்களும் ஒரே சிவப்பாகத்தான் இருக்கிறார்கள், வெளியில் வெயிலில் நிற்க வைத்து எடுத்து அனுப்புங்கள் என்று எழுதியிருந்தார். ஆடி பிறப்பதற்குள் படம் வந்து சேராவிட்டால் நாக்பூரில் பார்த்து வைத்திருக்கும் பெண்ணையே முடித்துவிடுவார்களாம். இன்னும் ஒரு வருஷம் போகட்டுமே என்று சித்தி அம்மாவிடம் ஒரு தடவை சொன்னாள். "இருபத்தாறு ஆறது. இன்னும் என்னடி ஒரு வருஷம்?" என்று அம்மா கேட்டதோடு அந்தப் பேச்சு முடிந்தது.

படம் எடுக்கும் பொறுப்பை அம்மாவின் அண்ணா, செம்பூர் மாமா, ஏற்றுக்கொண்டார். அவரிடம், போலிச் சரக்குக்குப் பேர்போன உல்லாஸ்நகரில் வாங்கிய ஒரு பெட்டிக் கேமரா இருந்தது. அது அமெரிக்காவில் செய்தது என்பது மாமாவின் நம்பிக்கை. உல்லாஸ்நகரிலேயே ஓர் அமெரிக்கா இருக்கிறது என்பது அப்பாவின் நம்பிக்கை. எதுவானாலும், நல்ல வெயில் இல்லாவிட்டால் அதில் படம் விழாது. எங்களுக்கு வாய்த்ததோ ஆனி மாதம். பம்பாயில் மழை பிடித்துக்கொண்டுவிட்டது. இரண்டு ஞாயிற்றுக்கிழமைகள் மாமா கேமராவைப் பிளாஸ்டிக் பையில் சுற்றிக்கொண்டு வந்து, பஜ்ஜி சாப்பிட்டுவிட்டுத் திரும்பிப் போனார். மூன்றாவது ஞாயிறு வெயில் அடித்தது.

பிலிமை மாட்டும் சடங்கு எங்கள் அறையில் நடந்தது. வெளிச்சம் ஒரு பொட்டுப் பட்டாலும் எல்லாம் பாழ் என்று ஜன்னலைச் சாத்தி, போர்வையைத் தலையோடு போர்த்திக்கொண்டு மாமா உள்ளே ஏதோ செய்தார். போர்வை விலகாமல் சித்தி அதன் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பன்னிரண்டு படம். கேமராவின் முதுகில் இருந்த சிவப்புக் கண்ணாடி வழியாக எண் ஒவ்வொன்றாக வந்து நிற்பதை எட்டிப் பார்க்கும் உத்தியோகம் எனக்குக் கிடைத்தது.

ஐந்து தோட்டம் என்ற பார்க்குக்குப் போனோம். சித்தி அம்மாவின் அரக்குப் பட்டில் நின்றபடி, உட்கார்ந்தபடி, பின்னலின் நீளம் தெரியும்படி முதுகைக் காட்டியபடி என்று ஏழு படம் போயிற்று. அப்பா அம்மா சேர்ந்து ஒன்று. மாமாவை அப்பா எடுத்தது இரண்டு. முதலாவதில் விரல் குறுக்கே வந்துவிட்டதோ என்று சந்தேகம் வந்ததால் இரண்டாவது. நான் தனியாக ஒன்று. பன்னிரண்டாவதை வீணாக்காமல் சித்தியை இன்னொரு கோணத்தில் எடுக்கலாம் என்றார் மாமா.

"நீ சொன்னபடியெல்லாம் நின்னேனோல்லியோ அண்ணா? கடைசி ஒண்ணு எனக்கும் இவனுக்கும்" என்றாள் சித்தி. என்னை இழுத்து முன்னால் நிறுத்தி, என் இரண்டு தோளிலும் கை வைத்துக்கொண்டாள். பட்டுப்புடவையின் கற்பூர வாசனையும் அவள் பவுடர் வாசனையும் சேர்ந்து வந்தன. படம் எடுத்த பிறகும் அவள் கையை எடுக்கவில்லை. நான்தான் எண் பார்க்க நழுவி ஓடினேன்.

வீட்டுக்கு வந்ததும் மாமா சுருளை வெளியே எடுத்து, நாக்கில் நனைத்துக் காகிதத்தை ஒட்டி சித்தியிடம் கொடுத்தார். நாளைக்கு ஆபீஸ் போகும்போது தாதரில் இறங்கிக் கழுவக் கொடுத்துவிடச் சொன்னார். பிறகு பெரியவர்கள் மூவரும் கோயிலுக்குப் போனார்கள். தலைவலி என்று சித்தி வரவில்லை. சித்தி வராததால் நானும் போகவில்லை.

குழாயில் தண்ணீர் வந்தது. சித்தி வாளியை வைத்துவிட்டு, சுருளைப் பிரித்தாள். உள்ளே எண்கள் அச்சிட்ட நீளமான காகிதம். அதோடு ஒட்டிய பிலிம். காகிதத்தைப் பிய்த்து என்னிடம் கொடுத்தாள். பிலிமைக் குழாயடி மோரியில் உட்கார்ந்து, சட்டைக் காலரைத் தேய்ப்பதுபோல நிதானமாகச் சோப்புப் போட்டுத் தேய்த்தாள். மூன்று தண்ணீரில் அலசினாள். என் டிராயருக்கும் அப்பாவின் பனியனுக்கும் நடுவே அதைக் கொடியில் போட்டபோது கிளிப் எடுத்துக் கொடுத்தது நான். படம் இப்படித்தான் வரும்போலிருக்கிறது என்று கீழே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன்.

கோயிலிலிருந்து வந்த மாமா கொடியருகே போய்ப் பிலிமைத் தொட்டுப் பார்த்தார். பிறகு அது என்ன என்று கேட்டார்.

"கழுவணும்னுதானே அண்ணா சொன்னே? துணி சோப்பு போட்டா கெட்டுப்போயிடுமோன்னு குளிக்கிற சோப்புதான் போட்டேன்."

அம்மா தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் பண்ணியவளுக்கு இதுகூடத் தெரியாதா என்று மாமா வீடு அதிரக் கத்தினார். சித்தி தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். "நல்லவேளை, இஸ்திரி போடலை" என்றார் அப்பா. அவர் அதைச் சொன்னதும் மாமாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது. அந்தச் சிரிப்பு பிறகு அடங்கவேயில்லை. மாடிப்படியில் எதிர்ப்படுகிறவர்கள் எல்லாம் எந்த சோப்பு என்று விசாரித்தார்கள். விசேஷங்களில் சித்தியை அறிமுகப்படுத்தும்போது, படம் கழுவினாளே, அவள்தான் என்றார்கள். சித்தியும் கூடவே சிரிப்பாள்.

மாமா இன்னொரு சுருள் வாங்கினார். ஆனால் மறுநாள் பிடித்த மழை விடவில்லை. ஆடி பிறந்தது. நாக்பூர் பெண்ணுக்கு நிச்சயமாகிவிட்டது என்று தகவல் வந்தபோது வெளியே கொட்டிக்கொண்டிருந்தது. அம்மா அழுதாள். பிறகு வந்த ஒன்றிரண்டு வரன்களும், பெண் கொஞ்சம் அசடு என்று கேள்விப்பட்டோ என்னவோ, தட்டிப்போயின.

இரண்டு வருஷம் கழித்து சித்தி தன் ஆபீசில் வேலை பார்த்த ஒரு மராட்டிக்காரரைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டு போனாள். பிலிம் கழுவிய நாளிலேயே அவர் இருந்தாரா என்று எனக்குத் தெரியாது. சொல்லக்கூடியவர்கள் யாரும் இப்போது இல்லை. எங்கள் வீட்டில் அவள் பெயரை எடுப்பது நின்றது. அதன் பிறகு நான் அவளைப் பார்க்கவேயில்லை. பல வருஷம் பால்கனியில் நிற்கும் பழக்கம் மட்டும் போகவில்லை. அவள் படம் ஒன்றுகூட என்னிடம் இல்லை. மூக்குத்தி வலப்பக்கமா இடப்பக்கமா என்று யோசித்தால் இரண்டு பக்கமும் வருகிறது. தோளில் இருந்த கைகளின் கனம் தெரிகிறது. பின்னால் நின்றவளின் முகம் தெரியவில்லை. அந்தப் பன்னிரண்டாவது படம் மட்டும் இருந்திருந்தால் என்று இந்த வயதில் நினைத்துக்கொள்வது எனக்கே கொஞ்சம் வெட்கமாக இருக்கிறது.

பிலிமைக் கழுவிய மறுநாள் சாயங்காலம் சித்தி ஆபீசிலிருந்து வந்து, நனைந்த குடையைக் காயக்கூட விரித்து வைக்காமல், கொடியிலிருந்து அதை எடுத்தாள். அம்மா சமையலறையில் இருந்தாள். சித்தி என்னைக் கூப்பிட்டு, இதில் நம்முடையது எது என்று மெதுவாகக் கேட்டாள். பிலிம் முழுவதும் ஒரே மாதிரி, ஆடை படிந்த பால்போல மங்கலாக இருந்தது. ஆனால் எண் போட்ட காகிதம் என்னிடம் இருந்ததே. அதைத் தரையில் விரித்து, பிலிமைப் பக்கத்தில் வைத்து, பன்னிரண்டு வரும் இடத்தைக் காட்டினேன். சரியாகப் பார்த்தாயா என்று இரண்டு தடவை கேட்டாள். பிறகு கத்தரிக்கோலால் அந்த ஒரு துண்டை மட்டும் வெட்டி, துடைத்து, கைப்பையின் உள்ளறையில் வைத்துக்கொண்டாள். மீதியைச் சுருட்டிக் குப்பையில் போட்டாள்.

எனக்குச் சிரிப்பு வந்தது. வீடே முந்தின நாளிலிருந்து சிரித்துக்கொண்டிருந்தது. நான் மட்டும் ஏன் சிரிக்கக் கூடாது?

"அது வெறும் பிலிம் சித்தி. அதுல ஒண்ணுமே இல்ல" என்றேன்.

"தெரியும்டா" என்றாள்.

எப்போதிலிருந்து தெரியும் என்று கேட்க எனக்குத் தோன்றவில்லை.