யாருமில்லை என்று கையெழுத்துப் போட்டேன்

ஐம்பதுகளின் நடுவில், ஓசூருக்குத் தொழிற்சாலைகள் வராத காலத்தில், அங்கே ஜில்லா போர்டு பள்ளிக்கூடத்தில் வாத்தியாராக இருந்தேன். கல்யாணமாகி மூன்றாம் வருஷம் பிரசவத்தில் குழந்தை தவறிவிட்டது. மனைவிக்கு இடுப்புக்குக் கீழே விளங்காமல் போனது. அந்த நிலையில் தொலைவிலிருந்த சாமல்பட்டிக்கு என்னை மாற்றி உத்தரவு வந்தது. அவளை பஸ்ஸில் உட்கார வைக்கக்கூட முடியாது. வைத்தியம் பார்த்த டாக்டரும் ஓசூரில்தான் இருந்தார். மனுமேல் மனு போட்டும் மேலதிகாரிகள் அசையவில்லை. நான் கோபக்காரன். நேரே கிருஷ்ணகிரிக்குப் போய், முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட வக்கீல் ஒருவரைப் பிடித்துவிட்டேன்.

"நீங்க பள்ளிக்கூடம் போயிட்டா சம்சாரத்த யாரு பாத்துக்கறாங்க?" என்றுதான் அவர் முதலில் கேட்டார்.

பக்கத்து வீட்டு அம்மாளைப் பற்றிச் சொன்னேன். தெலுங்குக்காரர், நாற்பது வயதிருக்கும், தனிக்கட்டை. நான் கிளம்பியதும் வந்துவிடுவார். என் மனைவிக்கு உடம்பு துடைத்து, துணி மாற்றி, களியை உருட்டி வாயில் கொடுத்து, சாயங்காலம்வரை பாதித் தெலுங்கும் பாதித் தமிழுமாகப் பேசிக்கொண்டிருப்பார். "அக்கா" என்றுதான் மனைவி கூப்பிடுவாள்.

"அத எழுதினா கேசு நிக்காது வாத்தியாரே. அந்தம்மா என்ன, சொந்தமா பந்தமா? உட்டுடுங்க" என்றார் வக்கீல்.

எனக்கும் நியாயமாகத்தான் பட்டது. 'என்னைத் தவிர அவளைக் கவனிக்க யாருமில்லை' என்ற பிரமாண வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட்டேன். பேனா கொஞ்சம்கூடத் தயங்கவில்லை.

எதிர்த்தரப்பு நம்பவில்லை. நிலைமையை நேரில் பார்த்து எழுதிவர, கோர்ட் வேறொரு வக்கீலைக் கமிஷனராக அனுப்பியது. ஒரு சனிக்கிழமை காலையில் வந்தார். மருந்து மயக்கத்தில் உள்ளே தூங்கிக்கொண்டிருந்த மனைவியைப் பார்த்துவிட்டுத் தெருவுக்கு வந்து, என் வாக்குமூலத்தைச் சத்தமாகப் படித்து, அக்கம்பக்கத்தாரிடம் நிஜமா என்று கேட்டார். எல்லோரும் என் முகத்தையே பார்த்தார்கள். எங்கே ஒளிவது என்று தெரியவில்லை எனக்கு. கடைசியில் அந்த அம்மாளிடம் கேட்டார். என் மனைவியின் சேலையைத் துவைத்துக் கையில் வைத்திருந்தார் அவர். என்னை ஒருதரம் பார்த்தார்.

"எவரூ லேரு" என்றார். யாருமில்லை என்று அர்த்தம். கமிஷனர் எழுதி நீட்டிய தாளில் கட்டைவிரலையும் ஒற்றினார்.

இடைக்காலத் தடை கிடைத்தது. நான் கோர்ட்டிலிருந்து துள்ளாத குறையாகத் திரும்பினேன். மறுநாள் பள்ளிக்கூடம் விட்டு வந்து பார்த்தால், மனைவி ஈரத் துணியிலேயே கிடந்தாள். களி அடுப்படியில் அப்படியே இருந்தது. அக்கா வரவில்லையாம்.

கோபமாக இருப்பார், காலில் விழுந்தாவது கூப்பிடலாம் என்று ஓடினேன். கோபமே இல்லை அவருக்கு.

"யாரும் இல்லைன்னு கைநாட்டு வச்சிட்டனே அய்வாரே" என்றார். வாத்தியாரைத் தெலுங்குக்காரர்கள் அப்படித்தான் கூப்பிடுவார்கள். "நான் வந்து போறத எவனாச்சும் எழுதிப் போட்டா உங்களுக்குத்தான கஷ்டம்?"

"அது கேசுக்காக எழுதினதும்மா."

"நான் உங்களுக்காக வச்சது."

எவ்வளவு கெஞ்சியும் அவர் வரவில்லை. வேறு ஆள் வைக்கவும் பயம், தடை போய்விடுமே என்று. மத்தியான மணி அடித்ததும் ஓடிவந்து பார்த்துவிட்டு ஓடுவேன். மற்ற நேரமெல்லாம் அவள் கூரையைப் பார்த்துக்கொண்டு தனியாகக் கிடந்தாள். சுவருக்கு அந்தப் பக்கம் பாத்திரம் உருளும் சத்தம் கேட்டால் "அக்கா" என்பாளாம். பதில் வராதாம்.

"நான் ஏதாச்சும் தப்பா பேசிட்டனா?" என்று என்னிடம் கேட்டுக்கொண்டே இருந்தாள். நடந்ததைச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. கடைசிவரை சொல்லவில்லை.

இரண்டு வருஷத்தில் அவள் போய்விட்டாள். அன்றுதான் அந்த அம்மாள் மறுபடி எங்கள் வீட்டுப் படியேறினார். அவளைக் குளிப்பாட்டிவிட்டுப் போனார்.

கோர்ட்டுக்குப் போய் மாற்றலை நிறுத்தியவன் என்று சக வாத்தியார்கள் ரொம்ப காலம் என்னைப் பெருமையாகச் சொல்வார்கள்; யாருமில்லை என்று எழுதிக் கொடுத்தவன் நான், அதை அனுபவித்தவள் அவள் என்பது எனக்கல்லவா தெரியும்.