வெளியிலிருந்து வந்தவள்

கீழ்க்கட்டளையில் ஒரு தனியார் மருத்துவமனை. அதன் டயாலிசிஸ் பிரிவில் ஜெனி டிரெயினியாகச் சேர்ந்து, டெக்னீஷியனாகி, பிறகு சீனியர் ஆனாள். அங்கே வெளியாட்களை எடுப்பதென்றால் டிரெயினியாக மட்டும்தான். மேலே காலியாகும் இடமெல்லாம் உள்ளே இருப்பவர்களுக்கே போகும். அதனால்தான் வேறு மருத்துவமனைகள் கூப்பிட்டபோதெல்லாம் அவள் மறுத்தாள்.

“இங்க வரிசையில முன்னாடி நிக்கிறேன். அங்க போனா மறுபடி கடைசியில நிக்கணும்,” என்று கணவன் ஐசக்கிடம் சொல்வாள்.

பிரிவுக்கு இன்சார்ஜாக இருந்த லாசரஸ் ஓய்வு பெற்றார். அதற்குச் சற்று முன்னால்தான் மருத்துவமனை கை மாறியிருந்தது. புதிய நிர்வாகம் ஜோஷ்வா என்பவரை வெளியிலிருந்து கொண்டுவந்து அந்த இடத்தில் அமர்த்தியது. ஜெனி எச்.ஆர். அறைக்குப் போனாள்.

“உங்க வேலையில ஒரு குறையும் இல்ல மேம். இந்தத் தடவை மார்க்கெட்லேர்ந்து ஆள் எடுக்கணும்னு முடிவு பண்ணிட்டாங்க,” என்றாள் அங்கிருந்த பெண்.

“நானும் மார்க்கெட்லதானே இருக்கேன்?”

“இல்ல மேம், நீங்க இங்க இருக்கீங்க.”

பெரும்பாக்கத்திலிருந்து சிகிச்சைக்கு வரும் சவுரிமுத்து அன்று ஊசி குத்தும்போதே ஆரம்பித்தார்.

“இன்னா சிஸ்டர், உன்னத்தான் பெரிய ஆளாக்குவாங்கோன்னு பார்த்தா, எவனோ வந்து குந்திகினு கீறான்?”

“கைய ஆட்டாதீங்க அண்ணா,” என்றாள் ஜெனி.

ஜோஷ்வா நல்ல மனிதர்தான். அது அவளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது. பஸ்ஸில், அடுப்படியில், ஞாயிறு ஆராதனையில் போதகர் பேசிக்கொண்டிருக்கும்போதுகூட, போனில் வேலை தேடினாள். மேடவாக்கத்தில் ஓர் இன்டர்வியூவில் கேட்டார்கள்: “இத்தனை வருஷமும் ஒரே இடமா? ஏன், வேற எங்கயும் கிடைக்கலையா?” உள்ளே பெருமையாக இருந்தது வெளியே சந்தேகமாகிவிட்டதே என்று வீடு வரை பொருமிக்கொண்டு வந்தாள்.

கடைசியில் வண்டலூர் பக்கம் ஒரு மருத்துவமனை அவளை நேராக இன்சார்ஜாகவே எடுத்தது. சொந்த இடத்தில் கிடைக்காத நாற்காலி, முன்பின் தெரியாதவர்களிடம் ஒரே பேட்டியில் கிடைத்தது. ஐசக் பிரியாணி வாங்கி வந்தான். பல்லாவரத்தில் ரயிலேறிப் போகும் முதல் நாள் அவளுக்குப் பறப்பதுபோல இருந்தது.

அங்கே சீனியர் டெக்னீஷியன் எழில். அவளைவிட வயதில் மூத்தவன். சாவியைக் கொடுத்தான், ஸ்டோர் ரூமைக் காட்டினான். கேட்டதற்கு மேல் ஒரு சொல் பேசவில்லை. சில நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு, டீ குடிக்கும்போது ஜெனியே கேட்டாள்.

“எழில், இந்த போஸ்டுக்கு நீங்க கேட்டிருந்தீங்களா?”

“கேட்டேன் மேடம். வெளியிலேர்ந்து அனுபவமான ஆள் வேணும்னுட்டாங்க.”

ஜெனி டீயைக் கீழே வைத்தாள்.

“நீங்களும் வெளியில பாக்கலாமே. நான் அப்படித்தான் வந்தேன்.”

“எங்கம்மாவுக்கு இங்கதான் மேடம் டயாலிசிஸ். ஸ்டாஃப் வீட்டாளுங்கன்னு பாதிக் காசுதான் வாங்குறாங்க. நான் எங்க போறது?”

ஜன்னலோரப் படுக்கையில் எப்போதும் கண்ணை மூடிக் கிடக்கும் அபிதகுஜாம்பாள்தான் அவன் அம்மா என்று அப்போதுதான் அவளுக்குத் தெரிந்தது.

அதன் பிறகு ஜெனியால் அந்த நாற்காலியில் நிம்மதியாக உட்கார முடியவில்லை. மாலை ஷிப்டுக்கும் ஓர் இன்சார்ஜ் வேண்டும், அதை உள்ளே இருப்பவருக்கே தர வேண்டும் என்று நிர்வாகத்திடம் போய் நின்றாள். அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றார்கள். மறுபடி போனாள். “வந்து ஒரு மாசம் ஆகல, அதுக்குள்ளயா?” என்று சிரித்தார்கள். அவள் விடவில்லை. கடைசியில் சம்மதித்தார்கள், பதவிப் பெயர் மட்டும், சம்பளம் பிறகு என்று.

எழில் நன்றி சொன்னான். முகத்தில் சிரிப்பில்லை.

எழில் பொறுப்பேற்ற முதல் நாள் மாலை அவள் கிளம்பும்போது அவன் இயந்திரங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டு வந்தான்.

“நாளைக்கு நீங்க கொஞ்சம் லேட்டா வந்தாலும் பரவாயில்ல மேடம். காலையிலயும் நானே வந்து பாத்துக்கிறேன்.”

அது அக்கறையா, இல்லை அந்த நாற்காலி இனி தன்னுடையது என்கிறானா? வண்டலூர் ஸ்டேஷனில் ரயில் வந்து நின்றபோதும் அவளுக்குப் பிடிபடவில்லை.